ஆணையர் அறிக்கை மீதான ஆட்சேபம்

வாதி கட்டிய பீஸ் மூவாயிரம்.
சர்வேயருக்குத் தனி.
அக்கினி நட்சத்திரத்தில், பதினொன்றரை மணிக்கு,
மேலூரிலிருந்து அழகர்கோவில் போகிற ரோட்டில்
ஒரு கிணற்றைத் தேடி இறங்கினேன்.

பத்திரத்தில் இருக்கிறது கிணறு.
விரோதிகிருது வருஷம் வைகாசி மாதம்
கோட்டைச்சாமி அம்பலம் எழுதிவைத்த தர்மசாசனம்:
மலைக்கு நடந்து போகிற பேர்களுக்கு
ஆடி முப்பது நாளும் நீர்மோர்,
மற்ற நாளில் பச்சைத் தண்ணீர்,
சந்திராதித்தர் உள்ளவரை.
அதற்கென்று விட்டது புஞ்சை ஏக்கர் ஒன்று சென்ட் நாற்பது.
கிழக்கே குப்பான் பனை. மேற்கே ஓடை.
தெற்கே வண்டிப்பாதை.
வடக்கே, எழுதிக்கொடுத்தவரின் மீதி நிலம்.
இதற்கு அகிதம் செய்தவர்
கெங்கைக் கரையில் காராம்பசுவைக் கொன்ற
தோஷத்தில் போவாராகவும்.

எழுபத்து நாலில் பேரன் ஆண்டிச்சாமி
பந்தலைப் பழுதுபார்க்கும் அவசியச் செலவுக்காக
பந்தல் நின்ற நிலத்தை விற்றார்.
கிரயம் நாலாயிரத்து ஐநூறு.
வாங்கியவர் விற்றார், விற்றதை மனையாக்கி
அவர் பிள்ளைகள் விற்றார்கள்.
ஒவ்வொரு கைமாற்றுக்கும் வில்லங்கச் சான்று போட்டிருக்கிறார்கள்.
வில்லங்கம் எதுவும் இல்லை.

நாலுவழிச் சாலை வந்தபிறகுதான்
தாத்தா விற்றது செல்லாது என்று
கார்மேகத்துக்குத் தெரிந்தது.
பரம்பரை தர்மகர்த்தா என்ற முறையில் வாதி.
பயனாளிகள் யார் என்று பிராதில் ஒரு பத்தி:
வழிப்போக்கர்கள்.
அவர்களுக்குச் சம்மன் சார்பு செய்ய முடியவில்லை.
போய்விட்டிருந்தார்கள்.

பனை இல்லை. ஓடை
ஒரு கல்யாண மண்டபத்தின் பின்சுவராகியிருந்தது.
எல்லைக்கல் ஒன்று மட்டும் கிடைத்தது,
அதன்மேல் யாரோ துணி துவைத்துக்கொண்டிருந்தார்கள்.
சர்வேயர் வரைபடத்தை வெயிலுக்கு எதிராகப் பிடித்தார்,
பிறகு வெயிலுக்குக் குடையாகப் பிடித்தார்.
அளந்த நாடாவின் நுனி
ஆறாம் பிரதிவாதி பொன்னழகின் அடுப்படியில் போய் நின்றது.

கொலுசுக் கடையில் இருபது வருஷ வேலை,
இரண்டேமுக்கால் சென்ட், ஓட்டுப்போட்ட ஒரு பத்தி,
மூடாத வங்கிக் கடன்.
தரையில் தட்டிப் பார்த்தேன். சிமெண்டுக்கு அடியில்
பானை மாதிரி ஒரு சத்தம்.
"நாங்க வரும்போதே தூத்திருந்துச்சும்மா" என்றாள்.
"வித்தவன் மேல அவுங்க கேசு. வாங்குன நாங்க
யாரு மேல போடணும்?"
அதற்குப் பதில் சொல்லும் அதிகாரம்
வாரண்டில் எனக்குத் தரப்படவில்லை.

தலை சுற்றியது.
கேனைச் சாய்த்து ஒரு செம்பு நீட்டினாள்,
முப்பத்தஞ்சு ரூபாய் கேன், செம்பில் யாரோ ஒருவர் பேர் வெட்டியிருந்தது.
அண்ணாந்து குடித்தேன். கழுத்தில் வழிந்தது.
வாதியின் வக்கீல் வேப்பமர நிழலில் நின்று
பார்த்துக்கொண்டிருந்தார்.

நாற்பத்தொரு பக்க அறிக்கை, வரைபடம், போட்டோ பதினாறு.
அதன் மேல் ஆட்சேபம் வந்தது.
பத்தி ஏழு: மேற்படி ஆணையர்
தாவாச் சொத்தில் வைத்து, ஆறாம் பிரதிவாதியிடம்
தண்ணீர் வாங்கிக் குடித்து ஒருதலைப்பட்சமாக நடந்தபடியால்...

"குடிச்சீங்களா?" என்றார் நீதிபதி, நிமிராமல்.
குடித்தேன். இரண்டாவது செம்பும்
கேட்டு வாங்கினேன், அது மனுவில் விட்டுப்போயிருக்கிறது.

கட்டு இப்போது ஐநூறு பக்கம் தாண்டிவிட்டது.
கிரயம், மறுகிரயம், பாகப்பிரிவினை,
அடமானம், அடமான ரத்து, பசுவின் தோஷம்.
எழுபத்து நாலுக்குப் பிறகு அந்த இடத்தில்
ஒருவர் இன்னொருவருக்குத் தண்ணீர் கொடுத்ததாக
எழுத்தில் இருப்பது
பத்தி ஏழில் மட்டும்தான்.
ஆட்சேபத்துக்குப் பதிலுரை தாக்கல் செய்யச் சொல்லி
வாய்தா போட்டார்கள்,
ஆடிக்கு.